திரும்பி வர மூன்று லிட்டர்

பெட்ரோல் கூடுதலாகச் செலவாகிறது என்று புலம்பி வந்தவர்களைக் கருத்தையா தன் முப்பது வருடப் போலீஸ் உத்தியோகத்தில் நிறையப் பார்த்திருக்கிறார். செலவு குறைந்துவிட்டது என்று முறையிட ஒருவர் வந்தது அன்றைக்குத்தான்.

1974, மாசி மாதம். காரைக்குடியில் வெயில் அப்போதே சுடத் தொடங்கியிருந்தது. ஏட்டாக ஓய்வுபெற்று நான்கு வருடமாகியும் ஊர் அவரை ஓய்வாக இருக்க விடவில்லை. வலிக்கிற முழங்காலுக்கு எண்ணெய் தடவிக்கொண்டே அவர் கேட்டார். எதிரே பெஞ்சில் நாகம்மை ஆச்சி வீட்டுக் கணக்கப்பிள்ளை, மடியில் ஒரு நீளமான நோட்டுடன் உட்கார்ந்திருந்தார்.

"கார் நல்லா ஓடுது, ஏட்டையா. அதுதான் இப்பச் சிக்கல்."

ஆச்சியின் கணவர், காலமாகிப்போன செட்டியார், பினாங்கிலிருந்து கப்பலேற்றிக் கொண்டுவந்த கறுப்புக் கார் அது. இருபத்துநாலு வருடத்து இங்கிலாந்து வண்டி. ஒரு லிட்டருக்கு ஐந்து மைல் ஓடிக்கொண்டிருந்தது, இரண்டு வருடத்துக்கு முன் திடீரென்று மூன்றுக்கு இறங்கியது. வண்டிக்கு வயதாகிவிட்டது என்று விட்டுவிட்டார்கள். போன ஐப்பசியில் பெட்ரோல் விலை எகிறியதும் ஆச்சிக்குச் சந்தேகம் வந்தது. யாரிடமும் சொல்லாமல் மதுரையிலிருந்து பூட்டு வைத்த டேங்க் மூடி ஒன்றை வரவழைத்து, தை பதினாறாம் தேதி மாட்டி, சாவியை இடுப்பில் செருகிக்கொண்டார். தை மாதக் கணக்கை முடித்துப் பார்த்தால் லிட்டருக்கு ஐந்து மைல். போன வயது வண்டிக்குத் திரும்பி வருமா? அப்படியானால் டிரைவர் இருளாண்டி இத்தனை நாள் டியூப் போட்டு உறிஞ்சியிருக்கிறான். கேட்டால் ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. வெள்ளிக்கிழமை ஸ்டேஷனில் ஒப்படைப்பதாக முடிவு. இருபத்திரண்டு வருடம் ஓட்டியவனாயிற்றே, அதற்குள் ஏட்டையா ஒரு பார்வை பார்த்துவிட்டால் தேவலை என்கிறார் ஆச்சி.

சுவரில் சாய்ந்து நின்ற மருது சிரித்தான். எதிர்ச்சாரியில் மெக்கானிக் பட்டறை வைத்திருப்பவன். நாற்பது வயதாகியும், கருத்தையா வீட்டுக்கு யாராவது நோட்டும் கையுமாக வந்தால் ஸ்பேனரைப் போட்டுவிட்டு ஓடி வந்துவிடுவான்.

"இதுல துலக்க என்னண்ணே இருக்கு? பூட்டுப் போட்டதும் நின்னு போச்சு. கணக்கப்பிள்ளையே கண்டுபிடிச்சுட்டாக, நமக்கு வேலையில்ல."

கருத்தையா எண்ணெய்க் கிண்ணத்தை மூடி வைத்தார். அவர் பேசாமலிருந்தால் எவ்வளவு நேரம் இருப்பார் என்பது மருதுவுக்குத் தெரியும். கணக்கப்பிள்ளைக்குத் தெரியாது. அவர் இரண்டு தடவை தொண்டையைச் செருமிவிட்டு நோட்டைப் பெஞ்சில் வைத்துப் போனார்.

மறுநாள் காலையில் இருவரும் ஆச்சி வீட்டுக் கார் கொட்டகையில் இருந்தார்கள். மருது பின்பக்கத்திலிருந்து ஆரம்பித்தான். டேங்கில் கசிவில்லை. குழாயில் வாடையில்லை. பிறகு டிரைவர் சீட்டில் மல்லாந்து படுத்து டேஷ்போர்டுக்கு அடியில் தலையை நுழைத்தான்.

"அண்ணே, இங்குட்டு வாங்க. எல்லாம் தூசி அப்பிக் கெடக்கு. மைல் மீட்டர் கேபிளை மாட்டுற நட்டு மட்டும் புளி போட்டு விளக்குன சொம்பு மாதிரி மின்னுது. கையாலயே திருகிக் கழட்டிடலாம். கழட்டிட்டா வண்டி ஓடும், மைல் ஏறாது." எழுந்து உட்கார்ந்து கையைத் தட்டினான். "வாடகைக்கு விட்டிருக்கான், கள்ளப்பய."

"உறிஞ்சினவன்னு நேத்துச் சொன்னே."

"நேத்து நட்டைப் பாக்கலையே."

"டியூப் போடுறவனுக்கு மீட்டர் கேபிள்ல வேலை இல்ல" என்றார் கருத்தையா. "பெட்ரோலை யாரும் எடுக்கல. அது இந்த வண்டியிலேயேதான் எரிஞ்சிருக்கு. எங்க போறப்ப, அதுதான் தெரியணும்."

இருளாண்டி கொட்டகை வாசலில் கால் விரிப்புகளை வெயிலில் உதறிக்கொண்டிருந்தான். ஒடிசலான ஆள். காக்கிச் சட்டையின் காலர் நைந்து, தலைகீழாகத் திருப்பித் தைக்கப்பட்டிருந்தது.

"பெட்ரோலை வித்தியா?"

"இல்லீங்க."

"அப்ப எங்க போச்சு?"

"எரிஞ்சு போச்சுங்க."

சொல்லிவிட்டு அடுத்த விரிப்பை எடுத்து உதறினான். சோற்றுத் தூக்குடன் வந்த அவன் மனைவி சின்னத்தாயி, புருசனை ஒரு பார்வை பார்த்தாள். "பொய் சொல்ல வராது இந்த மனுசனுக்கு. அதுக்குத்தான் வாயைத் தொறக்காம இருக்காரு. ஏட்டையா, வெள்ளிக்கிழமைக்கு இன்னும் நாலு நாளுதான் கெடக்கு" என்று தூக்கைக் கீழே வைத்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

ஆச்சி வளவு முற்றத்தில் தூணோரம் உட்கார்ந்திருந்தார். அறுபதைத் தாண்டிய, கண்ணுக்குக் கீழே தூக்கமில்லாத முகம். கார் எங்கெல்லாம் போகும் என்று கருத்தையா கேட்டார். சனிக்கிழமை அரியக்குடிப் பெருமாள் கோயிலுக்கு ஆச்சி. செவ்வாய்க்கிழமை மத்தியானம் கோவிலூர் மடத்துக்கு மகன் மெய்யநாதன், வேதாந்தப் பாடம் கேட்க. இந்த இரண்டு வருடப் பழக்கம். மற்றபடி பேங்க், கல்யாண வீடு.

மகன் என்றதும் ஆச்சியின் குரல் சற்று இளகியது. பிள்ளையில்லாத வீட்டுக்குக் கீழச்சிவல்பட்டியிலிருந்து ஒன்பது வயதில் கூட்டிவந்த பிள்ளை. இப்போது இருபத்துநாலு.

"கூட்டியாந்த அன்னைக்கே அந்த வாசலை மறந்துறணும்னு சொல்லிட்டேன். அவுகளும் சரின்னுட்டாக. தம்பியும் இன்னைக்கு வரைக்கும் ஒரு வார்த்தை கேட்டதில்ல. போன வருசம் ஆடியில மூணு வாரம் பரீட்சைக்குச் சென்னைக்குப் போனப்ப, எனக்குச் சோறு எறங்கல. இப்பத்தான் ஆளு ஒரு மாதிரி இருக்கான். பொங்கலன்னைக்குக்கூடக் காய்ச்சல்னு படுத்துட்டான். பொங்கலைத் தொடல."

"உடம்பு சுட்டுச்சா, ஆச்சி?"

ஆச்சி யோசித்தார். "தொட்டுப் பாக்க விடல."

அன்று மாலை கருத்தையா நோட்டைப் பிரித்தார். கணக்கப்பிள்ளை மாதத்துக்கு மாதம் கூட்டிப் பார்த்திருந்தார். கருத்தையா பெட்ரோல் போட்ட ஒவ்வொரு தடவையையும் தனித்தனியாகப் பார்த்தார். மார்கழி பதினொன்றிலிருந்து இருபத்தைந்து வரை தொண்ணூறு மைல், முப்பது லிட்டர். இருபத்தைந்திலிருந்து தை ஒன்பது வரை அதே தொண்ணூறு மைல், பதினெட்டு லிட்டர். அவர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வைத்தார். மருது இரண்டு பீடி குடித்து முடித்தான்.

"பூட்டு தை பதினாறுல போட்டாக" என்றார் கடைசியில். "மூணு வாரம் முன்னாலயே நின்னு போச்சு. பூட்டு வரப்போறது ஒருத்தருக்கும் தெரியாது. அப்புறம் ஏன் நிறுத்தணும்?"

"பயந்திருப்பான்."

"ஆடி மாசத்தைப் பாரு. மூணு வாரம் லிட்டருக்கு அஞ்சு மைல். வண்டி ஓடியிருக்கு, இருளாண்டிதான் ஓட்டியிருக்கான். அப்பப் பயமா?"

மருது நோட்டை வாங்கிப் பார்த்தான். அவன் முகத்திலிருந்த சிரிப்பு மெதுவாகக் கழன்றது. "ஆடியில சின்னவுக சென்னையில" என்றான்.

செவ்வாய்க்கிழமை கருத்தையா பஸ் ஏறிக் கோவிலூர் போனார். ஊருணிப் படிக்கட்டில் மெய்யநாதன் தனியாக உட்கார்ந்திருந்தான். கார் அரச மரத்து நிழலில் நின்றது. மடத்தில் விசாரித்தபோது, அப்படி ஒருவர் பாடத்துக்கு வந்ததே கிடையாது என்றார்கள். கருத்தையா இரண்டு படி மேலே உட்கார்ந்தார். இளைஞன் திரும்பிப் பார்த்து, யாரென்று புரிந்து, மறுபடி தண்ணீரைப் பார்த்தான். வெயில் இறங்கும்வரை இருவரும் அங்கேயே இருந்தார்கள். போகும்போதுதான் கருத்தையா சொன்னார்: "வியாழக்கிழமை வீட்டுல இருங்க, தம்பி. நீங்களே சொன்னா நல்லது. இல்லேன்னா நான் சொல்லணும். எனக்கு அதுல ஆசையில்ல."

வியாழக்கிழமை காலை. முகப்பில் ஆச்சி நாற்காலியில் இருந்தார். கணக்கப்பிள்ளை தூணருகே, மருது கருத்தையாவுக்குப் பின்னால், இருளாண்டி வாசல்படிக்குக் கீழே. மெய்யநாதன் வந்து நின்றான், ஆனால் வாயைத் திறக்கவில்லை. கருத்தையாவே ஆரம்பித்தார்.

பூட்டுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை என்பதைத் தேதிகளை வைத்துச் சொன்னார். நட்டைப் பற்றிச் சொன்னார். ஆடி மாதத்தைச் சொன்னதும் கணக்கப்பிள்ளை தன் நோட்டையே புதிதாகப் பார்ப்பவர் போலப் பார்த்தார்.

"ரெண்டு செவ்வாய்க்குப் பன்னெண்டு லிட்டர் கூடுதல். அப்ப ஒரு செவ்வாய்க்கு ஆறு. ஆறு லிட்டருக்கு முப்பது மைல். கோவிலூர் வரைக்கும் மீட்டர் ஓடுது. அங்க கேபிளைக் கழட்டுறாக. அங்கேருந்து பதினஞ்சு மைல் போயி, பதினஞ்சு மைல் வந்து, திரும்ப மாட்டுறாக. கோவிலூர்லேருந்து பதினஞ்சு மைல்ல என்ன ஊரு இருக்குன்னு நான் சொல்ல வேண்டியதில்ல, ஆச்சி."

ஆச்சியின் கை இடுப்புச் சாவிக்குப் போய் அங்கேயே நின்றது.

கருத்தையா கணக்கப்பிள்ளையிடம் திரும்பினார். "மார்கழி இருபத்தஞ்சுக்கு அப்புறம் அந்தப் பயணம் நின்னு போச்சு, தம்பி பொங்கலையும் தொடல. இருபத்துமூணு, இருபத்துநாலு வாக்குல கேதம் சொல்ல யாராச்சும் வந்தாகளா?"

கணக்கப்பிள்ளை தூணை விட்டு ஒரு அடி முன்னால் வந்தார். "இருபத்துமூணு, திங்கக்கிழமை. கீழச்சிவல்பட்டி ஆளு. அந்த வீட்டுச் சேதி எதுவும் இந்த வாசலுக்குள்ள வரக்கூடாதுன்னு ஆச்சி சொல்லி வச்சிருந்தாக. வாசலோட அனுப்பிட்டேன். செத்தது யாருன்னுகூடக் கேக்கல."

"என்னைப் பெத்த ஆத்தா" என்றான் மெய்யநாதன். "எனக்கும் தெரியாது. மறுநாள் எப்பவும் போலப் போனோம். வாசல்ல பந்தல் போட்டிருந்துச்சு. தெருவுல நின்னு பாத்தேன். பங்காளி மகன் கொள்ளிச்சட்டி தூக்கினான். ரெண்டு வருசமா அவுகளுக்குப் படுக்கை. எனக்கு ஒரு அரை மணி நேரம், பக்கத்துல உக்காந்துட்டு வருவேன். அவ்வளவுதான்."

"இவனைத் திருடன்னாகளே, அப்பவும் நீ பேசல" என்றார் ஆச்சி.

அவன் தலை குனிந்தான். இருளாண்டிதான் கீழேயிருந்து பேசினான். "நான்தான் வேணாம்னேன், ஆச்சி. எனக்குப் போனா வேலை போகும். சின்னவுகளுக்கு வீடு போகும்னு நெனச்சேன்."

ஆச்சி யாரிடமோ கேட்பது போலக் கேட்டார். "இத்தனை செஞ்சும் அங்கதானே மனசு போயிருக்கு. இனி எதுக்கு இங்க இருக்கணும்?"

கருத்தையாவுக்குக் கால் வலித்தது. இந்த வீட்டைவிட்டு வெளியே போய்விட்டால் போதும் என்றிருந்தது. ஆனாலும் நோட்டை எடுத்து ஆச்சியின் மடியில் வைத்தார்.

"ஆறு லிட்டர்னு சொன்னேன், ஆச்சி. அதுல போனது மூணுதான். மிச்ச மூணு திரும்பி வர. ரெண்டு வருசம், ஒவ்வொரு செவ்வாயும், பெத்தவுக கட்டில்லேருந்து எந்திரிச்சு உங்க வீட்டுக்குத் திரும்பி வந்திருக்காக. ஒரு நாள்கூடத் தவறல. அதுவும் இந்த நோட்டுலதான் இருக்கு."

ஆச்சி நோட்டைத் திறக்கவில்லை. அதன் அட்டையைக் கையால் தடவிக்கொண்டிருந்தார். பிறகு அதைக் கணக்கப்பிள்ளையிடம் கொடுத்துவிட்டு எழுந்தார். வாசல்படியில் இறங்கி, இடுப்புச் சாவியை எடுத்து இருளாண்டியிடம் நீட்டினார். அவன் தயங்கினான். அவர் கையை இழுத்துக்கொள்ளவில்லை.

"ஒன்னை நான் பேசினதை அள்ள முடியாது, இருளாண்டி. இதை நீயே வச்சுக்க. வண்டியை எடு."

அவன் வாங்கிக்கொண்டான்.

"தம்பி, நீயும் ஏறு. அந்த நட்டை யாரும் தொட வேணாம். மீட்டர் ஓடட்டும்."

ஆச்சியும் ஏறிக்கொண்டதும் கார் இரண்டு முறை இருமிவிட்டுக் கிளம்பியது. கணக்கப்பிள்ளை பழக்கதோஷத்தில் நோட்டும் பேனாவுமாகப் பக்கத்தில் ஓடினார். மைலைக் குறித்துக்கொண்டார். போகுமிடத்துக் கட்டத்தில் பேனா நின்றது.

"எங்கேன்னு எழுதட்டும், ஆச்சி?"

கதவில் கை வைத்தபடி ஆச்சி அவரைப் பார்த்தார்.

"கேதம் கேக்கப் போறோம்னு எழுதுங்க."

கார் தெருமுனையில் திரும்பும்வரை கருத்தையாவும் மருதுவும் நின்றார்கள். பிறகு வெயிலில் நடந்தார்கள்.