பாதிப் பெயர்

ஞாயிறு காலை ஆறரை மணிக்குக் கடல் பின்வாங்கத் தொடங்கியது. சிப்பிப் பண்ணையின் மரக்கழிகள் ஒவ்வொன்றாக நீருக்கு மேலே வந்தன. ழான்-லுசியன் பண்ணைக்குப் போகவில்லை. நீர் இறங்கும் நேரத்தில் அவர் வீட்டுக்குள் உட்கார்ந்து மனைவி அஸெலின் பார்த்ததில்லை.

அவர் முன்னால் காப்பிக் கிண்ணம் ஆறிக்கொண்டிருந்தது. அவள் பேரனின் ஞானஸ்நான உடுப்பை இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

"என்ன பேர் சொல்லப் போற?"

"சாயங்காலம்தானேங்க. இன்னும் நேரம் இருக்கு."

"நேரத்தைக் கேக்கல. பேரைக் கேட்டேன்."

அவள் உடுப்பைத் திருப்பிப் போட்டாள்.

அந்த வீட்டில் மூத்த மகன்கள் எல்லாருமே ழான். ஊர் முழுக்க ழான்கள் இருந்ததால் பக்கத்தில் இன்னொரு பெயரைச் சேர்த்து வைப்பார்கள். முதல் பாதி வீட்டுக்குரியது. இரண்டாம் பாதி, அந்த வீடு பறிகொடுத்த ஒருவருக்குரியது. லுசியன் என்பது காய்ச்சலில் போன ஒரு சித்தப்பாவின் பெயர். இரண்டையும் ஒரே மூச்சில் சொல்லவேண்டும். பாதியோடு நிறுத்தினால், செத்தவரை வாசலில் நிற்க வைத்துக் கதவைச் சாத்தியதற்குச் சமம். கோவில் வாசலில் அந்தப் பெயரை உரக்கச் சொல்வது ஞானத்தாயின் உரிமை. அவள் சொன்னது சொன்னதுதான். இன்று ஞானத்தாய் அஸெலின்.

"ழான்-அல்பன்" என்றார் அவர். "எங்க தம்பி பேரு. போர்ல செத்தவன். போன தடவையே வந்திருக்க வேண்டிய பேரு அது. அதைத் தள்ளிட்டு எவனோ ஒருத்தன் பேரைக் கொண்டுவந்து இந்த வீட்டுல ஒட்டின. இன்னொரு தரம் ஒட்டாதே!"

கிண்ணத்தைத் தள்ளிவிட்டு வெளியே போனார். எவனோ ஒருத்தன்… இருபத்தெட்டு வருடங்களாக அவளுக்குப் பழகிய சொல். ஆனாலும் இஸ்திரிப் பெட்டி ஒரு கணம் அதிகமாக நின்றுவிட்டது. துணியின் ஓரம் பழுப்பேறியது.

மகன் பிறந்தபோது அவள் கோவிலுக்குப் போகவில்லை. பிள்ளை பெற்றவள் ஆசீர்வாதம் வாங்கும்வரை வாசல் தாண்டக் கூடாது என்பது அன்றைய வழக்கம். ஞானத்தாயாகப் பிள்ளையைத் தூக்கிப் போக வேண்டியவள் ழான்-லுசியனின் அக்கா பிலோமென். ஞானஸ்நானத்துக்கு முதல் நாள் மாலை அவள் அஸெலினின் கட்டிலருகே வந்து முழங்காலிட்டாள்.

"வான்ங்கிற நகரத்துல வீட்டு வேலைக்குப் போயிருந்தப்ப எனக்கு ஒரு பிள்ளை பொறந்துச்சு" என்றாள். "சின்ன வயசு. ஏமாந்துட்டேன். ஒரு மணி நேரம்கூட இருக்கல… சாமியார் வர்றதுக்குள்ள போயிட்டான். ஞானஸ்நானம் இல்லாத பிள்ளைன்னு கல்லறைச் சுவருக்கு வெளிய புதைச்சாங்க. குஸ்தான், குஸ்தான்னு அவன் காதுல நான் மட்டும் சொன்னேன். வேற யாரும் அவனைக் கூப்பிட்டதே இல்ல, அஸெலின்! ரெண்டாவது பாதி போனவங்களுக்குத்தானே? அவனும் இந்த வீட்டுப் பிள்ளைதானே?"

பக்கத்து அறையில் மாமனார் இருமினார். அவருக்குத் தெரிந்தால் அன்றே மகளைத் தெருவில் தள்ளிவிடுவார். பிலோமென் அஸெலினின் கையை எடுத்துப் பிறந்த பிள்ளையின் தலைமேல் வைத்தாள். யாரிடமும் சொல்வதில்லை என்று சத்தியம் வாங்கினாள்.

மறுநாள் கோவிலிலிருந்து வந்த ழான்-லுசியன் தொப்பியைக்கூடக் கழற்றவில்லை.

"குஸ்தானாம்! அக்கா அப்படித்தான் சொன்னா. யார் சொல்லச் சொன்னது?"

அவர் முதுகுக்குப் பின்னால் பிலோமென் பிள்ளையோடு நின்றாள். "பெத்தவ ஆசைப்பட்டா" என்றாள்.

அது முதல் நாள் பேச்சில் இல்லாதது. அஸெலின் அவளைப் பார்த்தாள். மாமனார் நிலைப்படியில் நின்றுகொண்டிருந்தார்.

"ஆமாங்க" என்றாள் அஸெலின். "நான்தான்."

ஊரில் ஒரு குஸ்தான் இருந்தான். கல்யாணத்துக்கு முன், புனிதர் திருநாளில் அவளோடு ஆடியவன். கப்பலேறிப் போய்த் திரும்பாதவன். அவள் அவனை நினைத்ததுகூட இல்லை. ஊர் மறக்கவில்லை.

அன்றிலிருந்து ழான்-லுசியன் படகுக் கொட்டகையின் பரணில் படுத்தார். மகனை 'ழான்' என்றே கூப்பிட்டார். அதற்கு மேல் ஓர் எழுத்துகூடச் சொல்லவில்லை. சிப்பிப் பண்ணைக்கு அவனைக் கூட்டிப் போகவில்லை, ஒட்டி வளர்ந்த சிப்பிக் கொத்துகளைப் பிரிக்கவும் கற்றுக்கொடுக்கவில்லை. புயல் அடிக்கும் நாட்களில் சாப்பாட்டு மேசையில் கேட்பார்: "என்ன அஸெலின், கடல்ல இருந்து ஏதாவது சேதி உண்டா?" அதே மேசையில் பிலோமென் ரொட்டிக்கு வெண்ணெய் தடவிக்கொண்டிருப்பாள்.

மாமனார் இறந்த பிறகு அஸெலின் ஒருமுறை கேட்டாள். "இப்பவாவது தம்பிகிட்ட சொல்லுங்க, அண்ணி."

"அப்பா குழி மண்ணு இன்னும் காயலடி…"

காய்ந்த பிறகு மறுபடி கேட்டாள். அதற்குள் பிலோமென் திருநாள் பவனியில் மாதா கொடி பிடிக்கிறவளாகியிருந்தாள். "இப்பச் சொன்னா அந்தக் கொடியை என் கையில குடுப்பாங்களா?"

அதன் பிறகு அஸெலின் கேட்கவில்லை.

பத்து மணிக்கு பிலோமென் வந்தாள். கறுப்பு உடை, கஞ்சி போட்ட வெள்ளைத் தலைக்குல்லாய். தம்பி வீட்டில் இல்லை என்று உறுதி செய்துகொண்டு அடுப்பருகே உட்கார்ந்தாள்.

"அஸெலின்… குஸ்தான்னே சொல்லிடு. அந்தப் பேரு உன் பையனோட நின்னுடக் கூடாது."

அஸெலின் நண்டு வேகும் பானையின் மூடியைத் திறந்து பார்த்தாள்.

"அவரு அல்பன்னு சொல்லச் சொல்றாரு."

"அவன் கெடக்கான். ரெண்டு நாள் கத்துவான், அப்புறம் அடங்கிடுவான்."

"இன்னும் அடங்கலையே, அண்ணி."

"நீ நல்லவ. தாங்கிப்ப."

"நல்லவ, நல்லவன்னு சொல்லியே என் தோலை உரிச்சுட்டீங்க."

பிலோமென் கைக்குட்டையை எடுத்தாள். அழுதாள். அந்த அழுகை பொய்யில்லை என்பது அஸெலினுக்குத் தெரியும். அதுதான் எப்போதும் கஷ்டம்.

மதியம் மகன், வேலை பார்க்கும் லோரியான் துறைமுகத்திலிருந்து காரில் வந்தான். மனைவி ஆர்மெல் மடியில் குழந்தை.

"வா, ழான்" என்றார் ழான்-லுசியன்.

"அவரு பேரு ழான்-குஸ்தான், மாமா" என்றாள் ஆர்மெல். சிரித்துக்கொண்டேதான் சொன்னாள்.

"எனக்குத் தெரிஞ்ச வரைக்கும்தான் நான் கூப்பிடுவேன்மா."

மகன் அம்மாவுக்குப் பின்னாலேயே சமையலறைக்கு வந்தான். கதவைச் சாத்தினான்.

"கப்பல் தளத்துல மேஸ்திரிகூட என்னை முழுசாத்தான் கூப்பிடுறார். இந்த வீட்டுல மட்டும் நான் பாதி. யாரும்மா அந்த குஸ்தான்?"

"இன்னைக்கு எதுக்குடா அது?"

"இன்னைக்குத்தான் வேணும். என் பிள்ளைக்குப் பேர் வைக்கிற நாள். நான் யாரைச் சுமக்கிறேன்னு தெரியணும்." அவன் குரல் தாழ்ந்தது. "ஊர்ல சொல்றது நெஜமா? அந்த ஆளா எங்கப்பா?"

அவள் கையிலிருந்த தட்டு மேசைமேல் உட்கார்ந்தது. உடையவில்லை.

கணவன் சந்தேகப்பட்டார், ஊர் சந்தேகப்பட்டது. தாங்கினாள். இவன் கேட்பான் என்று அவள் நினைத்ததே இல்லை. எந்தத் தலைமேல் கை வைத்துச் சத்தியம் செய்தாளோ, அந்தத் தலை எதிரே குனிந்து நின்றது. இரண்டொரு நரைகூட விழுந்திருந்தது.

"கோவிலுக்குக் கிளம்பு" என்றாள். "அங்கே தெரியும்."

கோவில் வாசலில் ஊர்ப் பிள்ளைகள் கூடியிருந்தார்கள். சடங்கு முடிந்ததும் ஞானத்தந்தை வீசப்போகும் சர்க்கரைப் பாதாமுக்காக. ஞானத்தந்தை ஆர்மெலின் அப்பா, பருத்த மனிதர். இரண்டு சட்டைப் பைகளும் புடைத்திருந்தன. "இப்பவே போடு தாத்தா!" என்று ஒருத்தன் கத்தினான். "முதல்ல சாமியார் பிசாசை விரட்டட்டும்டா, அப்புறம் பாதாம்" என்றார் அவர்.

புதிய பங்குச்சாமியார் வாசற்படியில் வந்து நின்றார். "ஞானத்தாய் யாரும்மா?"

அஸெலின் குழந்தையோடு ஒரு அடி முன்னால் வைத்தாள். பிறகு பக்கவாட்டில் திரும்பி பிலோமெனின் கைகளில் குழந்தையை வைத்தாள்.

"அண்ணிதான் சாமி. போன தடவையும் இவங்கதான்."

"அஸெலின்!… என்னடி இது?"

"நான் யாருக்கும் எதுவும் சொல்லல, அண்ணி. சத்தியத்தை மீறல. நீங்க எந்தப் பேர் வேணா சொல்லுங்க. என் வாயால இனிமே ஒரு பேரும் வராது."

அவள் பின்னுக்கு நகர்ந்து மகனுக்குப் பக்கத்தில் நின்றாள். ழான்-லுசியன் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். சாமியார் புத்தகத்தைத் திறந்தார்.

"இந்தப் பிள்ளைக்கு என்ன பெயர் வைக்கிறீர்கள்?"

பிலோமென் குழந்தையைப் பார்த்தாள். அது விழித்திருந்தது. அல்பன் என்றால் அன்றோடு எல்லாம் முடிந்துவிடும். கொடி அவள் கையிலேயே இருக்கும். குல்லாயின் கஞ்சி மடிப்பு நடுங்கியது.

சாமியார் மறுபடியும் கேட்டார்.

"ழான்…" என்றாள். நிறுத்தினாள். காற்று அடித்தது. "…குஸ்தான்."

"பாத்தீங்களா!" ழான்-லுசியன் தொப்பியைத் தரையில் அடித்தார். "கோவில் வாசல்னுகூடப் பார்க்கல! அக்கா வாயில அதைப் போட்டது யாரு? இவதானே? மறுபடியும் அந்த மாலுமிப் பயல் பேரு, என் பேரன் தலையில!"

"அவ இல்லடா."

"அப்ப யாரு?"

"அது என் பிள்ளை பேரு." பிலோமென் குழந்தையை மார்போடு அணைத்துக்கொண்டாள். "நான் பெத்த பிள்ளை… வான் நகரத்துல… பேரில்லாம செத்தான். அன்னைக்கும் நான்தான் சொன்னேன். பழியை இவ தலையில போட்டேன். இவ வாங்கிக்கிட்டா…"

ஞானத்தந்தை என்ன செய்வதென்று தெரியாமல் கையைச் சட்டைப் பையில் விட்டார். கையை எடுத்தபோது நாலைந்து பாதாம்கள் கல்படியில் விழுந்து உருண்டன. பிள்ளைகள் பாய்ந்தார்கள்.

அஸெலின் மகனைப் பார்க்கவில்லை. அவன் விரல்கள் வந்து அவள் முழங்கையைப் பிடித்ததை மட்டும் உணர்ந்தாள்.

சடங்கு முடிந்து வந்தபோது வீட்டில் மேசை நிறைந்திருந்தது. நண்டு, வெண்ணெய்க் கேக், ஆப்பிள் மது. பிலோமென் ஜன்னலோரம் உட்கார்ந்து அழுதாள். பெண்கள் அவளைச் சுற்றி நின்றார்கள்.

"பாவம்… இத்தனை வருஷம் எப்படித்தான் தாங்கினாளோ!"

"தனியாவே சுமந்திருக்காளே, புண்ணியவதி!"

அஸெலின் தட்டுகளை எடுத்து வைத்துக்கொண்டிருந்தாள். ஒருத்தி அவளிடம் தண்ணீர் கேட்டாள், பிலோமெனுக்காக. கொண்டுவந்து கொடுத்தாள். பிலோமென் அந்தக் கையைப் பற்றிக்கொண்டு கண்ணில் ஒற்றினாள்.

"மன்னிச்சிரு அஸெலின்… மன்னிச்சேன்னு ஒரு வார்த்தை சொல்லு!"

"தண்ணியைக் குடிங்க, அண்ணி. உங்க பிள்ளைக்குப் பேர் கெடைச்சிடுச்சு."

கையை மெதுவாக விடுவித்துக்கொண்டாள்.

சமையலறையில் ஏப்ரனை அவிழ்த்து ஆணியில் மாட்டினாள். அறையில் பெட்டி தயாராக இருந்தது. எடுத்துக்கொண்டு திரும்பியபோது ழான்-லுசியன் நிலைப்படியில் நின்றார். தொப்பி கையில் இருந்தது. முகம் முழுக்க ஈரம்.

"எனக்குத் தெரியாமப் போச்சே, அஸெலின்… ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே!"

"நீங்க ஒரு தடவையாவது கேட்டிருக்கலாமே."

"தினம் கேட்டேனே…"

"கேக்கல. குத்தினீங்க. நான் பதில் சொல்ற மாதிரி ஒரு கேள்விகூட நீங்க கேட்டதில்ல."

அவர் அவள் தோளைத் தொட வந்தார். கை பாதியில் நின்றது. எங்கே தொடுவது என்பது அவருக்கு மறந்துபோயிருந்தது.

"இன்னைக்கே அந்தப் பரண்லேர்ந்து படுக்கையை எடுத்துட்டு வந்துடறேன். நீ எங்கயும் போகாதே."

"ஆர்மெலுக்கு ஒத்தாசை வேணும். கொஞ்ச நாள் அங்க இருப்பேன்."

"எப்ப வருவ?"

அவள் ஜன்னல் பக்கம் பார்த்தாள். வேலிக் கதவுக்கு வெளியே மகன் காரின்மேல் சாய்ந்து நின்றான். கோவிலிலிருந்து வந்தவன் இன்னும் உள்ளே வரவில்லை. அவனுக்குப் பின்னால் கடல் ஏறியிருந்தது. பண்ணையின் கழிகள் ஒன்றும் தெரியவில்லை.

ழான்-லுசியனும் பார்த்தார். வாய் திறந்தது. முதல் பாதி வந்தது. அங்கேயே நின்றது.

"வாசல்ல நிக்கிறான், பாருங்க" என்றாள் அஸெலின். "உள்ள கூப்பிடுங்க… முழுசாக் கூப்பிடுங்க."