அழிக்காத ஐந்து

"பொல்லாத ஆளு!" முதல் பார்வையிலேயே பாஞ்சாலை முடிவு கட்டிவிட்டாள்.

தானா ராத்தா மலையூர்க் கோவில் மண்டபத்தில் சனிக்கிழமை டியூஷன். கரும்பலகையின் இந்தப் பக்கம் தேயிலைத் தோட்டத்துப் பாஞ்சாலை. அந்தப் பக்கம் இன்றுதான் வந்து சேர்ந்த அமிர்தலிங்கம். கோலா தெர்லாவில் கோஸ் பயிரிடுகிறவர் மகன். இருவருக்கும் ஒரே கணக்கு... 3a² × 4a³.

அவள் 12a⁶ என்று எழுதினாள். ஓரக்கண்ணால் பார்த்தால்... அவனும் 12a⁶!

சுப்பிரமணியம் வாத்தியார் கண்ணாடியைக் கழற்றினார். "சரியான விடை ஒண்ணா இருக்கலாம். தப்பு எப்படி ஒண்ணா இருக்கும்? யாரு யாரப் பாத்து எழுதுனது? இன்னைக்கே ஒத்துக்கணும். இல்லேன்னா ரெண்டு பேருமே இனி வரவேணாம்!"

இந்தத் தடவையும் பரீட்சையில் தவறினால் கொழுந்து பறிக்கும் கூடைதான் என்று பாஞ்சாலையிடம் அப்பா சொல்லியிருந்தார். திருடியது அவன்... பழி அவளுக்குமா?

வகுப்பு கலைந்தது. பலகையைத் துடைக்கப் போனவளின் கை நின்றது. அவனுடைய ஆறுக்கு அடியில் மங்கலாக ஓர் ஐந்து! அப்போதுதான் நினைவு வந்தது. பெருக்கும்போது எண்களைத்தான் பெருக்க வேண்டும், அடுக்குகளைக் கூட்ட வேண்டும்... இரண்டும் மூன்றும் ஐந்து. சரியாக எழுதியவன் ஏன் அழித்தான்? பரிதாபமா? இல்லை, அவளை மாட்டிவிடத் தந்திரமா? இந்தப் பூனையும் பால் குடிக்குமா என்று முகத்தை வேறு வைத்திருந்தானே!

மழையில் பஸ் நிலையத்துக்கு ஓடினாள். அவன் நின்றிருந்தான். சட்டைக் கையில் சாக்பீஸ் தூள்... மழை தேங்கிய இமைகள்...

"அஞ்சு போட்டுட்டு ஏன் அழிச்சீங்க? என்னப் பாத்தா பாவமா இருந்துச்சா?"

"ஐயோ, இல்லலா! நீங்க அவ்ளோ தைரியமா ஆறு போட்டீங்க... நான்தான் தப்புன்னு நெனச்சிட்டேன்."

"கோஸ் விக்கிற வாய்தானே... நல்லாத்தான் அளக்குறீங்க!"

"நெசம்ங்க. நான்தான் பாத்து எழுதுனேன்னு சார்கிட்ட சொல்லிட்டேன். நீங்க கிளாஸுக்குப் போலாம்... பாத்து எழுதுன நான் இனி வரவேணாமாம்."

இவ்வளவு நேரம் அவனைச் சந்தேகப்பட்ட மனசை அவள் என்ன செய்வது?

"வாங்க," என்றாள் வெடுக்கென்று. "சார் இன்னும் மண்டபத்தப் பூட்டல. அந்த அஞ்ச நான் அழிக்கல... அவருகிட்ட காட்டணும்."

"எதுக்குங்க?"

அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

"பக்கத்துல நீங்க இல்லேன்னா... எனக்கு இனிமே கணக்கு வராது."