பேரில்லாத புள்ளி

தலை நிறைய நுரையோடு கண்ணை மூடிக்கொண்டு செம்பைத் துழாவிக்கொண்டிருந்தேன். மணிக்கட்டில் கட்டியிருந்த குலுக்கி அதிர்ந்தது. மூன்று துடிப்பு என்றால் டீ. பாதிக் குளியலில் டீ விழுந்தால் என்ன செய்ய வேண்டும் என்று சட்டத்தில் எழுதவில்லை. முகத்தை மட்டும் கழுவிக்கொண்டு ஈரத் துண்டோடு போய் அடுப்பைப் பற்ற வைத்தேன். எதிர் பிளாக்கில் ஒரு குடும்பம் விடியற்காலையிலேயே உட்கார்ந்து குழம்பு ஊற்றிச் சோறு தின்றுகொண்டிருந்தது. அவர்களுக்குச் சோறு விழுந்திருக்கிறது. தூக்கக் கலக்கத்தில் பிள்ளைகள் வாயைத் திறந்து திறந்து மூடின.

எண்ணூரில் இப்போது எதற்கும் நேரம் கிடையாது. பஸ் வரும்போது வரும். கடை திறக்கும்போது திறக்கும். கடிகாரத்தை எல்லாம் கழற்றிக்கொண்டு போய்விட்டார்கள். போனிலும் மணி தெரியாது. ஒரு காரியம் நடந்தால் அதற்குப் புள்ளி என்று பெயர். புள்ளி எப்போது விழும் என்பதை அவரவர் கையில் கட்டிய குலுக்கி சொல்லும். கிளம்புகிறவன் 'போயிட்டு வரேன்' என்று சொல்வதில்லை. வருவேன் என்று எவனால் சொல்ல முடியும்? 'விழுந்தா பாப்போம்' என்கிறான். அதற்கு மேல் பேச்சில்லை.

என் மகள் பொற்கொடிக்கு வீத அலுவலகத்தில் உத்தியோகம். ஒரு நாளைக்கு எத்தனை டீ, எத்தனை பஸ் என்று உத்தேசமாக வீதம் போடுகிற இடம் அது. எத்தனை என்பது தெரியும், எப்போது என்பது மட்டும் அவர்களுக்கே தெரியாது. அவள் ஒருமுறை எனக்கு விளக்கிச் சொன்னாள்.

"தகரக் கூரை மேல தூறல் விழுற மாதிரிப்பா. இப்ப ஒரு சொட்டு விழுந்துச்சு. அதை வெச்சு அடுத்தது எப்பன்னு சொல்ல முடியாது. போன சொட்டை மழை ஞாபகம் வெச்சுக்காது."

"அப்ப பஸ்ஸுக்கு நான் வெயில்ல நின்னுக்கினே இருந்தா?"

"எவ்ளோ நேரம் நின்னிருந்தாலும் சரி, இன்னும் நிக்க வேண்டியது சராசரியா அதே அளவுதான். நின்னதுக்குக் கணக்கு கிடையாது."

படித்தவர்கள் இதைச் சிரிக்காமல் சொல்கிறார்கள்.

இத்தனையும் ஊகிக்குப் பயந்து செய்தது. ஊகி ஒரு ஆள் இல்லை. வியாபாரத்துக்கு என்று யாரோ செய்து, பிறகு யார் பேச்சையும் கேட்காமல் நெட்வொர்க்கில் திரிகிற மெஷின் கூட்டம். மனுஷன் எதை எந்த நேரத்தில் செய்வான் என்று படித்துக்கொண்டு, அதற்குக் கொஞ்சம் முன்னால் அங்கே புகுந்துவிடும். விடிந்ததும் தண்ணி லாரிக்குக் குடத்தோடு நிற்போம். லாரி தெருமுனை திரும்புவதற்குள் ஊகி அந்தத் தண்ணீரை வாங்கி எங்களுக்கே பல மடங்கு விலைக்கு விற்கும். மாத்திரை தீர்கிற நாளில் மாத்திரை விலை ஏறும். வீட்டில் ஆள் இல்லாத நேரம் அதற்குத் தெரியும். அது தின்று வளர்ந்தது எங்கள் பழக்கத்தை. அதனால் சர்க்கார் பழக்கத்தையே எடுத்துவிட்டது.

திருட்டு நடந்ததை நான் நம்புகிறேன். வைத்தியத்தைத்தான் நம்பவில்லை. குலுக்கி கட்ட வந்தவனிடம், நேரம் சொல்லுகிற சாமானுக்கு என் பேர் எதுக்குய்யா தெரியணும் என்று கேட்டேன். அவன் பதில் சொல்லாமல் வாரை இன்னும் ஒரு துளை தள்ளி இறுக்கினான்.

இறுக்கிவிட்டுப் போகட்டும் என்று நானும் பல வருஷம் பொறுத்துக்கொண்டேன். பாக்கியத்துக்கு வாதம் வந்த பிறகுதான் முடியவில்லை.

பாக்கியம் என் சம்சாரம். இடது பக்கம் விழுந்துவிட்டது, வாயும் கொஞ்சம் கோணல். நடக்கப் பழக்க வேண்டும் என்று நோயாளிகள் விடுதியில் சேர்த்தோம். முதலில் அவளது நாற்காலி வாசலைப் பார்த்துப் போட்டிருந்தது. நான் சில நாள் இரண்டு தடவை போவேன், பிறகு வாரக்கணக்கில் எனக்குப் புள்ளியே விழாது. வீதம் சரியாகத்தான் இருக்கிறது என்பாள் பொற்கொடி. ஒரு தடவை போனபோது நாற்காலி சுவரைப் பார்த்துத் திரும்பியிருந்தது. சாப்பாட்டுத் தட்டு அப்படியே இருந்தது.

"யாரு திருப்பினது?" என்று நர்ஸைக் கேட்டேன்.

"அவங்களேதான். நல்லா இருக்கிற காலால உந்தி உந்தித் திருப்பிக்கிட்டாங்க. நடக்கச் சொன்னா மாட்டேங்குறாங்க. அதுக்கு மட்டும் பலம் இருக்கு."

பாக்கியத்தின் பக்கத்தில் உட்கார்ந்தேன். "இன்னாம்மே இது? சுவத்துல இன்னா படமா ஓடுது?"

"வாசல்ல மட்டும் இன்னா ஓடுது?" என்றாள். வாய் குழறினாலும் பேச்சில் காரம் குறையவில்லை. "காலையிலேர்ந்து பாத்தா, இனிமே வர்ற நேரம்தான்னு ஒரு தெம்பு வரணும் இல்ல? அது வரலை. பாக்குறதும் ஒண்ணுதான், பாக்காததும் ஒண்ணுதான். சுவருன்னா ஏமாத்தாது."

என் மகள் கணக்குப் போட்டுச் சொன்னதை அவள் நாற்காலியில் உட்கார்ந்தே கண்டுகொண்டிருந்தாள். காத்திருந்ததற்குக் கணக்கு கிடையாது என்றால் யார் காத்திருப்பார்கள்? காத்திருக்க ஒன்றும் இல்லாதவள் எதற்குச் சோறு தின்ன வேண்டும், எதற்கு நடக்க வேண்டும்? இவள் இப்படியே சுவரைப் பார்த்துக்கொண்டு போய்விடுவாள் என்று தெரிந்துவிட்டது.

அந்த அறையில் கிழக்கே ஒரு ஜன்னல். கடிகாரத்தைக் கொண்டுபோனவர்களால் வெயிலைக் கொண்டுபோக முடியவில்லை.

"பாக்கியம், நாளைக்கு அந்த நடுக் கம்பியோட நிழல் உன் கட்டில் மேல ஏறும் பாரு. அப்ப வரேன்."

அவள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். "பைத்தியமா உனக்கு?"

"தினம் வரேன்."

மறுநாள் வாரை அறுத்துக் குலுக்கியை அரிசி டப்பாவுக்குள் போட்டு மூடினேன். விடுதி வாசலில் ஒரு கேமராக் கண் இருக்கிறது. அது உள்ளே போகிற தலைகளை எண்ணும். தலைக்கு உரிய பேர் குலுக்கியிலிருந்து வரும். என் கையில் அது இல்லாததால் வெறும் தலையாகப் போனேன். காவலாளி ஜெபராஜ் என் வெறும் மணிக்கட்டைப் பார்த்தான், பிறகு வானத்தைப் பார்த்தான். நல்ல பையன் என்று நினைத்துக்கொண்டேன். நான் ஒருத்தன்தான் இப்படித் துணிந்தவன் என்றும் நினைத்துக்கொண்டேன்.

கம்பி நிழல் கட்டிலில் ஏறும்போது போய் நின்றேன். அடுத்த நாளும் போனேன். கொஞ்ச நாளில் நாற்காலி பாதி திரும்பியது. பிறகு முழுக்கத் திரும்பியது. நிழல் ஏறுவதற்குள் சாப்பிட்டு முடித்து, வாயைத் துடைத்து, தலையை ஒதுக்கச் சொல்லி நர்ஸை விரட்டுகிறாளாம். ஒரு நாள் ரயில்வே கேட்டில் மாட்டிக்கொண்டு பிந்தினேன்.

"நிழல் தலகாணிக்கு வந்தாச்சு. எவ வீட்ல டீ குடிச்சிட்டு வர்றே?" என்றாள்.

எத்தனையோ வருஷத்துக்குப் பிறகு என்னை ஒருத்தி பிந்தி வந்தவன் என்று திட்டினாள். நேரம் இருந்தால்தானே பிந்த முடியும். அன்றைக்கு அவள் கட்டில் விளிம்பைப் பிடித்துக்கொண்டு எழுந்து நின்றாள், என்னை இன்னும் பக்கத்தில் வந்து திட்டுவதற்காக.

அன்று வீடு திரும்பினால் பொற்கொடி சமையலறைத் தரையில் உட்கார்ந்திருந்தாள். மடியில் அரிசி டப்பா. கண் சிவந்திருந்தது. பல நாளாகக் கை அசைவே இல்லை என்று குலுக்கி அன்றுதான் அவளுக்குச் சொல்லியிருக்கிறது.

"செத்துட்டேன்னு நெனச்சியா?"

"வேற இன்னா நினைப்பாங்க?" என்றாள். அழுகை கோபமாக மாறியது. "அரிசிக்குள்ள போட்டு வெச்சிருக்கே. எங்க போயிட்டு வரேப்பா, தினமும்?"

சொன்னேன். மறைக்கவில்லை.

அவள் தலையில் கைவைத்துக்கொண்டாள். "உன் ஒருத்தனுக்காகவா சட்டம் போட்டாங்க? ஒரு விடுதில தினமும் ஒரே நேரத்துல மூச்சு மெஷின் போட்டாங்க. ஊகி அதைப் படிச்சு, அந்த நேரத்துக்கு மட்டும் கரண்ட் விலையை ஏத்திடுச்சு. கட்ட முடியாம மெஷினை நிறுத்தினாங்க. மூணு பேரு போயிட்டாங்கப்பா. நீ தினம் ஒரே நேரத்துக்குப் போனா அந்த வாசலை அது படிச்சிடும். அம்மா மட்டும் இல்ல, அங்க படுத்திருக்கிற எல்லாரும் மாட்டுவாங்க."

அவள் சொன்னதில் பொய் இல்லை. அதற்காக நான் இறங்கி வரவும் இல்லை.

"உங்கம்மா எழுந்து நின்னா இன்னைக்கு. உங்க வீதம் நிக்க வெச்சுதா அவளை?"

பொற்கொடி டப்பாவில் விரலைவிட்டு அரிசியைக் கிளறிக்கொண்டிருந்தாள். பிறகு சொன்னாள்: "அந்த வாசலோட பதிவை எடுத்து மழைச் சோதனை போட்டுப் பாக்கிறேன். உள்ள போறவங்க மழை மாதிரி விழுறாங்களா, இல்ல ஏதாவது தாளம் தெரியுதான்னு காட்டிடும். உன் தாளம் தெரிஞ்சா நானே உன்னை நிறுத்துவேன்."

"நிறுத்து. நாளைக்கு நான் போறப்ப வாசல்ல நின்னு நிறுத்து."

மறுநாள் நான் போகும்போது உண்மையிலேயே அவள் விடுதி வாசல் பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். என்னை நிறுத்தவில்லை. முகம் ஒரு மாதிரி இருந்தது.

"உக்காருப்பா. கொஞ்சம் முன்னாடியே வந்துட்டே, நிழல் இன்னும் ஏறலை."

"சோதனை இன்னா சொல்லுச்சு?"

"மழைன்னு சொல்லுச்சு. சுத்தமான மழை. தாளமே இல்ல." அவள் குரலை இறக்கினாள். "அது எப்படின்னுதான் விடிஞ்சதுலேர்ந்து உக்காந்து பாக்குறேன். நீயும் பாரு. மூஞ்சியைப் பாக்காதே. கையைப் பாரு."

பார்த்தேன். கைலி கட்டிய ஒருத்தர் வாழைப்பழச் சீப்போடு உள்ளே போனார். மணிக்கட்டில் வார் இருந்த இடம் மட்டும் வெளுத்துக் கிடந்தது. அவருக்குப் பின்னால் டிபன் டப்பாவோடு ஒரு பொம்பளை. அவள் கையும் வெறுமை. பள்ளிக்கூடத்து டீச்சர் மாதிரி ஒருத்தி, வளையலை இழுத்து அந்த வெளுப்பை மறைத்திருந்தாள். ஜெபராஜ் எல்லோருக்கும் வானத்தைப் பார்த்தான். அவன் கழுத்து வலிக்காமல் இருந்தால் ஆச்சரியம்.

"அந்த டிபன் டப்பா அம்மா வெளிய நின்னுக்கிட்டிருந்தப்பவே கேட்டேன்," என்றாள் பொற்கொடி. "வாசல் வேப்பமர நிழல் கேட்டைத் தொடும்போது வருவாங்களாம். அந்த வாழைப்பழ ஐயா, கடல் காத்து கிளம்பினதும். ஆளுக்கு ஒரு நேரம். யாருக்கும் மத்தவங்க விஷயம் தெரியாது. எல்லாரும் தான் மட்டும்தான் தப்பு பண்றோம்னு நெனச்சுக்கிட்டு வர்றாங்க."

"அப்ப தாளம் தெரியணுமே?"

"நம்ம பழைய வீடு ஞாபகம் இருக்கா? ஒழுகுமே. அம்மா ஒவ்வொரு ஒழுக்குக்கும் கீழ ஒரு பாத்திரம் வெப்பாங்க. ஒரு பாத்திரத்துல காது வெச்சா டொக், டொக்குன்னு சரியா விழும். கதவுகிட்ட நின்னு மொத்தமா கேட்டா?"

"மழை சத்தம்தான்."

"அதேதான். ஒவ்வொண்ணும் ஒழுங்கு. நூறு ஒழுங்கைச் சேத்தா ஒழுங்கே தெரியாது. காலேஜ்ல இதை ஒரு தேற்றமா எழுதி மார்க் வாங்கினேன்பா. அப்புறம் ஒரு நாள் கூட நினைச்சுப் பாக்கலை." அவள் தன் மணிக்கட்டைப் பார்த்துக்கொண்டாள். "பேரு இல்லைன்னா ஊகிக்கு மழைதான். பேரு இருந்தாத்தான் ஒவ்வொரு ஒழுக்குக்கும் கீழ பாத்திரம் வெச்ச மாதிரி."

"அந்தப் பாத்திரத்தை எங்க கையில கட்டினது யாரு?"

அவள் பதில் சொல்லவில்லை. கட்டியவனும் அன்றைக்குச் சொல்லவில்லை.

"மேல சொல்லணும்ப்பா. இத்தனை பேர் கழட்டியிருக்காங்கன்னு தெரிஞ்சும் மறைச்சா என் வேலை போயிடும். சொன்னா, நாளையிலேர்ந்து கையைப் பாத்துத்தான் உள்ள விடுவாங்க."

"சொல்லு. தேசப்பன்னு என் பேரை முதல்ல போடு. பேருதானே வேணும்னு கட்டினாங்க, வாங்கிக்கட்டும். கையைப் பாக்கட்டும். கட்ட வந்தா மறுபடி அறுப்பேன். எங்க வீட்ல கத்தி இருக்கு, அரிசி டப்பாவும் இருக்கு."

இருவரும் உள்ளே போனோம். நிழல் அப்போதுதான் கட்டிலில் கால் வைத்திருந்தது. பாக்கியம் மகளைப் பார்த்ததும் அவள் கன்னத்தைத் தடவினாள். பொற்கொடி வந்து எத்தனையோ காலம் ஆகியிருந்தது. அவளுக்குப் புள்ளி விழவில்லை, அவ்வளவுதான். யாரையும் குறை சொல்ல முடியாத ஏற்பாடு அது.

சற்று நேரத்தில் பொற்கொடியின் குலுக்கி அதிர்ந்தது. ஐந்து துடிப்பு. ஆபீஸ். அவள் எழுந்து புடவையைச் சரி செய்தாள்.

"விழுந்தா பாப்போம்மா," என்றாள்.

பாக்கியம் அவள் முந்தானையை வலது கையால் பிடித்துக்கொண்டாள். "அதெல்லாம் வேணாம். நீ எப்ப வருவே?"

இந்த ஊரில் யாரும் யாரிடமும் கேட்காத கேள்வி அது. பொற்கொடி நின்றபடியே இருந்தாள். கையில் குலுக்கி விடாமல் துடித்துக்கொண்டிருந்தது. என்னைப் பார்த்தாள். நான் உதவவில்லை, ஜன்னலைப் பார்த்தேன். அவள் ஜன்னலுக்கு வெளியே இருந்த மதில் சுவரை வெகுநேரம் பார்த்தாள்.

"நாளைக்கு," என்றாள். "சாயந்திர வெயில் அந்தச் சுவத்தை விட்டுப் போகும்போது. போயிட்டு வரேன்மா."

குலுக்கியோடுதான் போனாள். அலுவலகத்தில் என்ன சொன்னாள், சொன்னாளா இல்லையா, அன்று எனக்குத் தெரியவில்லை. மறுநாள் நான் கையில் ஒன்றும் இல்லாமல் கிளம்பினேன். ஜெபராஜ், "அண்ணே, கையைப் பாக்கச் சொல்லி உத்தரவு வரும்னு பேச்சு" என்றான். வரட்டும் என்று சொல்லிவிட்டு மணிக்கட்டை அவன் மூக்குக்கு நேரே நீட்டிக் காட்டிவிட்டு நடந்தேன். எனக்குப் பின்னால் வாழைப்பழக்காரரும் நீட்டினார்.

நிழல் கட்டிலில் ஏறும் நேரத்துக்குச் சரியாகப் போய் அறை வாசலில் நின்றேன். தட்டு காலியாக இருந்தது. பாக்கியம் தலை வாரி, நல்ல புடவை கட்டி, நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். பார்வை என் மேல் இல்லை. என் தோளைத் தாண்டி இருந்தது.

"அவ சாயந்திரம்தானே வருவா," என்றேன்.

"எனக்குத் தெரியும்," என்றாள் பாக்கியம். "நீ தள்ளி நில்லு. வாசல் மறைக்குது."