ஐந்து நூல்களுக்கு ஒரே ஆசிரியன்

நூலகத்தின் மேல்மாடிக்குத் தீ கொண்டுபோகக் கூடாது என்பது சட்டம். மெழுகுவர்த்தி, கணப்பு, புகையிலைக் குழாய், எதுவும் கூடாது. ஆகவே பிப்ரவரி மாதத்தில் அங்கே வேலை என்றால் காலை பத்து மணிக்கு ஜன்னலில் வெளிச்சம் விழுந்தது முதல் பிற்பகல் மூன்று மணிக்கு அது போய்விடும் வரைதான். அந்த ஐந்து மணி நேரத்தில்தான் யோரிஸ் ஃபெர்ஹூல்ஸ்ட் எட்டு வருடமாக அரபி படித்தான். ஓஸ்டர்வேர் நகரத்தில் அவனுக்குச் சொல்லித்தர ஓர் அரபிகூட இல்லை. லத்தீனில் எழுதிய இலக்கணம் ஒன்று, யாரோ பாதியில் விட்டுப்போன அகராதி ஒன்று. மீதியெல்லாம் அவனாக ஊகித்துக்கொண்டது. அந்த மொழியை ஒருவர் வாயால் பேசி அவன் கேட்டதே இல்லை.

அந்தத் திங்கட்கிழமை அவன் சீட்டியடித்துக்கொண்டே மாடியேறினான். சந்தோஷப்படக் காரணம் இருந்தது. அலெப்போவிலிருந்து கப்பலில் வந்த ஐந்து கையெழுத்துச் சுவடிகளைப் பற்றி அவன் எழுதிய நூல் அச்சாகி வந்துவிட்டது. இருநூறு படிகளும் மேசையோரம் கட்டுக் கட்டாக ஈர மையின் வாசனையோடு கிடந்தன. வியாழக்கிழமை கல்லூரி ஆளுநர்கள் கூடுகிறார்கள். அரபிப் பேராசிரியர் பதவி அவனுக்கா, உட்ரெக்டிலிருந்து வந்து விடுதியில் தங்கியிருக்கும் இன்னொருவனுக்கா என்பது அன்றைக்கு முடிவாகும்.

அவன் நம்பிக்கையெல்லாம் ஒரு கண்டுபிடிப்பின் மேல் இருந்தது. ஐந்து சுவடிகளும் ஐந்து துறை. மருத்துவம், வானநூல், குதிரை வளர்ப்பு, சட்டம், கவிதை. ஆனால் ஐந்திலும் முதல் ஏட்டின் மேல் ஒரே பெயர் இருந்தது.

கபீகஜ்.

ஐரோப்பாவில் ஒருவரும் கேள்விப்படாத மேதை. அவனை உலகத்துக்கு அறிமுகப்படுத்தியவன் யோரிஸ் ஃபெர்ஹூல்ஸ்ட். அச்சிட்ட முதல் பக்கத்தில் இரண்டு பெயர்களும் ஒன்றன்கீழ் ஒன்றாக இருந்ததை அவன் காலையிலிருந்து இருபது தடவையாவது பார்த்திருப்பான்.

பதினோரு மணிவாக்கில் ஜிர்ஜிஸ் வந்து சேர்ந்தான். அலெப்போக்காரன், கிறிஸ்தவன், பிரதி எடுப்பது தொழில். கவிதைச் சுவடியைப் படியெடுக்கக் கல்லூரி அவனை முந்தின நாள்தான் ஆம்ஸ்டர்டாமிலிருந்து வரவழைத்திருந்தது. கையை ஊதிச் சூடாக்கிக்கொண்டே அச்சுநூலைப் புரட்டினான். ஒரு பக்கத்தில் நின்றான். பிறகு சிரிக்க ஆரம்பித்தான். கண்ணில் தண்ணீர் வரும்வரை சிரித்தான்.

"என்ன சிரிப்பு?"

"வாத்தியாரே, இந்த ஆளை எங்க புடிச்சீங்க?"

"எல்லாச் சுவடியிலயும் எழுதியிருக்கே. யா கபீகஜ். யஹ்யாங்கிற பேரோட சுருக்கம்தானே அந்த யா?"

"சுருக்கமா? யா-ன்னா கூப்பிடறது. 'ஏ இன்னாரே'ன்னு. அதுக்கு அடுத்தாப்பல இருக்கிறதைப் படிங்க."

யோரிஸ் படித்தான். "அஹ்ஃபஸ் அல்வரக். ஏடுகளைக் காப்பதில் சிறந்தவன்."

"அஹ்ஃபஸ் இல்ல. இஹ்ஃபஸ். காப்பாத்து. 'ஏ கபீகஜ், காகிதத்தைக் காப்பாத்து.'" ஜிர்ஜிஸ் கண்ணைத் துடைத்துக்கொண்டான். "கபீகஜ் கரப்பான்பூச்சிங்களுக்கு ராஜா, வாத்தியாரே. எங்க ஊர்ல புஸ்தகம் எழுதி முடிச்சா முதல் ஏட்டுல அவனைக் கூப்பிட்டு ஒப்படைச்சிடுவோம். ராஜா பேரு போட்ட இடத்துல பூச்சி வாய் வைக்காது. நீங்க அவனைப் புடிச்சு வைத்தியனாக்கி, வக்கீலாக்கி, கவிஞனும் ஆக்கிட்டீங்க."

அரபியில் குறில் ஒலிகளை எழுதுவதில்லை. ஏட்டில் மெய் மட்டும்தான் கிடக்கும். உயிரை வாசிப்பவன்தான் கொடுக்க வேண்டும். அலெப்போவில் பிறந்த குழந்தை தப்பில்லாமல் கொடுத்துவிடும். எட்டு வருடம் கண்ணைக் கெடுத்துக்கொண்டு படித்த யோரிஸ் தவறான உயிரைக் கொடுத்துவிட்டான்.

அவனுக்குக் காது மடல் எரிந்தது. "வெளியில சொல்லிடாதே," என்றான்.

"நான் ஏன் சொல்லப்போறேன். ஆனா நீங்களே சொல்லிடறது நல்லது. மனுஷன் தப்பு பண்ணினா சிரிச்சிட்டுப் போயிடுவாங்க. அந்த ராஜா பேரை வச்சு வெளையாடறது எங்க ஊர்ல யாரும் பண்ணமாட்டாங்க." இதைச் சொன்னபோது அவன் முகத்தில் சிரிப்பு இல்லை.

அன்றிரவு யோரிஸ் தூங்கவில்லை. உட்ரெக்ட்காரன் ஒரு நாள் இந்தச் சுவடிகளைத் திறப்பான். அவனும் அரபி தெரிந்தவன்தான். 'யா'வையும் 'காப்பாற்று'வையும் ஒழுங்காக வாசித்துவிட்டால் போதும், கரப்பானுக்குக் கவிஞர் பட்டம் கட்டிய பேராசிரியர் என்று பாரிஸ் வரைக்கும் சிரிப்பார்கள்.

செவ்வாய்க்கிழமை ஜிர்ஜிஸ் வருமுன்பே அவன் மாடியில் இருந்தான். கையில் இறகுப் பேனா சீவும் சின்னக் கத்தி. பெயரை அவன் தொடவில்லை. பெயருக்கு முன்னால் இருந்த 'யா'வைச் சுரண்டினான். பின்னால் இருந்த கட்டளையைச் சுரண்டினான். தூளை ஊதிவிட்டு, அந்த இடத்தை நகத்தால் தேய்த்து மழுப்பினான். ஐந்து ஏடு, ஐந்து தடவை. இப்போது அங்கே யாரும் யாரையும் கூப்பிடவில்லை. யாரையும் எதையும் காக்கச் சொல்லவில்லை. வெறும் பெயர் மட்டும் இருந்தது, ஆசிரியனுடைய பெயர் இருக்க வேண்டிய இடத்தில்.

ஐந்தாவதை மூடி வைத்தான். கீழே கால்வாயில் பனிக்கட்டிமேல் யாரோ வண்டி இழுத்துப்போகும் சத்தம் கேட்டது. அது போனபின் மாடி அமைதியானது.

அப்போதுதான் கேட்டது.

கர்ர்... கர்ர்...

பேனா முனை காகிதத்தில் ஓடுவது போன்ற சத்தம். நிதானமாக, ஒரு வரி முடிந்து அடுத்த வரி தொடங்குவது போல் நின்று நின்று வந்தது. மாடியில் வேறு யாரும் இல்லை. அவன் மேசைக்கு அடியில் பார்த்தான். அலமாரிக்குப் பின்னால் பார்த்தான். கடைசியில் மூடிக்கிடந்த சுவடியின் மேல் கையை வைத்தான்.

அட்டைக்கு அடியில் அதிர்ந்தது.

கையை இழுத்துக்கொண்டு வெளிச்சம் போகும்முன்னே கீழே ஓடிவிட்டான்.

புதன்கிழமை நல்ல வெயில். பகல் வெளிச்சம் தந்த தைரியத்தில் நேராகப் போய்ச் சுவடிகளைத் திறந்து பார்த்தான். ஒன்றுக்கும் ஒன்றும் ஆகவில்லை. எலியாக இருக்கும், நான் ஒரு மடையன் என்று தன்னையே திட்டிக்கொண்டு, ஆளுநர்களுக்குக் கொடுக்க அச்சுநூலில் ஏழு படிகளை எடுத்தான்.

முதல் படியின் முதல் பக்கத்தில் ஓர் ஓட்டை. கபீகஜ் என்ற பெயருக்குக் கீழே, யோரிஸ் ஃபெர்ஹூல்ஸ்ட் என்று இருந்த இடம் மட்டும் அரிக்கப்பட்டிருந்தது. ஓரமெல்லாம் பிசிறு. அடுத்த தாளில் ஒரு கீறலும் இல்லை.

இரண்டாவது படியிலும் அதேபோல்.

கட்டுகளையெல்லாம் அறுத்துப் போட்டான். தரையில் உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பிரித்தான்.

இருநூறிலும்.

வீட்டுக்குப் போனபோது அவன் மனைவி அலெய்டா வேதாகமத்தை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அதன் முகப்பில்தான் அவர்கள் இருவர் பெயரும் கல்யாண நாளும் எழுதியிருக்கும்.

"பூச்சி அரிச்சிருக்கு பாரு," என்றாள். "என் பேரு அப்படியே இருக்கு. உன் பேரை மட்டும் தின்னுட்டுது. வேடிக்கையா இல்ல?"

"அலெய்டா, என்னைப் பேர் சொல்லிக் கூப்பிடு."

"என்ன வந்தது உனக்கு?"

"கூப்பிடேன்."

அவள் சிரித்துக்கொண்டே வாயைத் திறந்தாள். திறந்த வாய் அப்படியே நின்றது. புருவம் சுருங்கியது.

"நாக்கு நுனியில இருக்கு," என்றாள் மெல்ல. "இரு. இப்ப வந்துடும்."

வரவில்லை.

அவன் ஓடினான். கருவாட்டுக்கடை மாடியில் இருந்த ஜிர்ஜிஸின் அறைவரை, வழியெல்லாம் தன் பெயரை வாய்க்குள் சொல்லிக்கொண்டே ஓடினான். சொல்லச் சொல்ல அது தேய்வது தெரிந்தது. கதவைத் தட்டியபோது முதல் எழுத்து மட்டும்தான் மிச்சம் இருந்தது.

நடந்ததைக் கேட்டு ஜிர்ஜிஸ் கதவுப் பக்கம் பார்த்தான், பிறகு தரையைப் பார்த்தான். குரலைத் தாழ்த்திக்கொண்டான்.

"கூப்பிட்டு வேலை கொடுத்து வச்சிருந்தோம், வாத்தியாரே. வேலையைப் பிடுங்கிட்டீங்க. இப்ப அவன் வெறும் காவல்காரன் இல்ல. நீங்களே அவனை ஆசிரியனாக்கிட்டீங்க. ஆசிரியனுக்குப் பக்கத்துல இன்னொரு பேரு எதுக்குன்னு நினைக்கிறான்."

"திருப்பி எழுதிடு. உன் கையாலயே எழுது."

"எழுதறேன். இன்னிக்கே அஞ்சு ஏட்டுலயும் எழுத முடியும். ஆனா பொய் மேல எழுதினா மை ஒட்டாது. யாருக்காகச் சுரண்டினீங்களோ அவங்க முன்னால, 'இது ஆசிரியன் பேரு இல்ல, நான்தான் தப்பாப் படிச்சேன்'னு வாய்விட்டுச் சொல்லுங்க. நாளைக்கே சொல்லுங்க. நான் மையோட பின்னால நிக்கிறேன்."

"பதவி போயிடும்."

"பேரு போயிடுச்சே," என்றான் ஜிர்ஜிஸ்.

வியாழக்கிழமை பதினோரு மணிக்குக் கல்லூரிக் கூடத்தில் ஏழு ஆளுநர்களும் கறுப்பு அங்கியில் உட்கார்ந்திருந்தார்கள். முன் வரிசையில் உட்ரெக்ட்காரன். கதவோரம் மைக்கூட்டை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு ஜிர்ஜிஸ். நூலை எழுதியவன் இரவெல்லாம் யோசித்துத் தீர்மானம் பண்ணிவிட்டிருந்தான், சொல்லிவிடுவது என்று. அலெய்டா காலையில் அங்கி மாட்டிவிடும்போது அவன் முகத்தைத் தடவி, பெயர் சொல்ல முயன்று, முடியாமல் அழுதுவிட்டாள். அவள் வாயால் தன் பெயரைக் கேட்பதைவிடப் பெரிய பதவி எதுவும் இல்லை என்று அப்போது அவனுக்குத் தோன்றியது. நிஜமாகவே தோன்றியது.

எழுந்து நின்றான்.

"மதிப்புக்குரியவர்களே, நான் ஒரு தவறு செய்துவிட்டேன்."

ஜிர்ஜிஸ் மைக்கூட்டின் மூடியைத் திறந்தான்.

அந்த நேரம் பார்த்து உட்ரெக்ட்காரன் தலையை உயர்த்தினான். உதட்டோரத்தில் ஒரு சின்னச் சிரிப்பு, வெந்த புண்ணில் வேலைப் பாய்ச்சுகிற சிரிப்பு. அவ்வளவுதான். எட்டு வருடக் குளிரும் வைராக்கியமும் சேர்ந்து அவன் நாக்கைப் பிடித்துத் திருப்பிவிட்டன.

"இவ்வளவு பெரிய மேதையை இவ்வளவு தாமதமாகக் கண்டுபிடித்தேனே, அதுதான் அந்தத் தவறு."

ஆளுநர்கள் சிரித்தார்கள். கைதட்டினார்கள். அதன்பின் அவன் ஒரு மணி நேரம் பேசினான், அதுவரை பேசாத அழகோடு. கபீகஜின் வைத்தியத்தைச் சொன்னான், கவிதையைச் சொன்னான். தான் படிக்காத வரிகள்கூடத் தன் வாயிலிருந்து வருவதைக் கேட்டான். அவற்றின் உச்சரிப்பு சுத்தமாக இருந்தது, அலெப்போவில் பிறந்தவன் உச்சரிப்பைப் போல.

பதவி அவனுக்கே கிடைத்தது. உட்ரெக்ட்காரன் தொப்பியை எடுத்துக்கொண்டு வெளியே போனான்.

"பேரேட்டில் கையெழுத்துப் போடுங்கள், பேராசிரியரே," என்றார் ஆளுநர்களின் தலைவர்.

பேனாவை எடுத்தான். தன் பெயரின் முதல் எழுத்தைத் தேடினான். நேற்று மிச்சமிருந்த அந்த ஒன்றும் இல்லை. கை மட்டும் நகர்ந்தது. வலப்பக்கத்தில் தொடங்கி இடப்பக்கம் போனது. பேனா கர்ர் என்றது.

குமாஸ்தா மணல் தூவி ஊதி, எல்லோருக்கும் கேட்கும்படி வாசித்தான். "பேராசிரியர் கபீகஜ்."

ஒருவரும் வியப்படையவில்லை. தலைவர் எழுந்து வந்து, பல வருடம் பழகியவர் போல் அந்தப் பெயரைச் சொல்லியே அவன் கையைக் குலுக்கினார். கதவோரம் ஜிர்ஜிஸ் மைக்கூட்டைக் கீழே வைத்தான். இடுப்புவரை குனிந்து கும்பிட்டான். ராஜாவின் முன்னிலையிலிருந்து விலகுவது போல், முதுகைக் காட்டாமல் பின்னாலேயே நடந்து வெளியேறினான். அதற்குப்பின் ஓஸ்டர்வேரில் அவனை யாரும் பார்க்கவில்லை.

வீட்டு வாசலில் அலெய்டா காத்திருந்தாள். முகத்தில் காலையில் இருந்த கலக்கம் துளியும் இல்லை. ஓடிவந்து கழுத்தைக் கட்டிக்கொண்டாள்.

"ஞாபகம் வந்துடுச்சு," என்றாள் அவன் காதில், சந்தோஷம் தாங்காமல். "எப்படித்தான் மறந்தேனோ. உள்ள வா கபீகஜ், சூப் ஆறுது."

இல்லை என்று சொல்லத்தான் அவன் வாயைத் திறந்தான். இல்லை என்றால் வேறு என்ன பெயர் என்று அவள் கேட்பாள்.

உள்ளே கால் வைத்தான். சுவர்ப் பலகைகளுக்குப் பின்னால், தரைக்கடியில், கூரைச் சந்தில், அதுவரை சரசரத்துக்கொண்டிருந்த எல்லாம் ஒரே நொடியில் அடங்கின. அவன் நாற்காலியை இழுத்து உட்காரும்வரை அடங்கியே இருந்தன. உட்கார்ந்த பிறகு மெதுவாக மறுபடியும் தொடங்கின.