இறங்காத கொடி

"ஏங்க, கொஞ்சம் இந்தப் பக்கம் திருப்புங்க! நீங்க ஒருத்தரே பாத்தா போதுமா?"

நனைந்த துப்பட்டாவைப் பிழிந்துகொண்டே கத்தினாள் மலர்விழி.

தொப்பூர் கணவாயில் கொட்டோ கொட்டென்று மழை. வளைவில் ஒரு லாரி கவிழ்ந்து கிடக்க, சேலத்திலிருந்து வந்த வண்டிகள் எல்லாம் வரிசை கட்டி நின்றுவிட்டன. அவள் வந்த தர்மபுரி பஸ்சும் அதில் ஒன்று. போனில் சார்ஜும் போய்விட்டது. இளையோர் ஆசியக் கால்பந்துப் போட்டியில் இந்தியப் பெண்கள் அணி ஆடத் தொடங்கி அரை மணி நேரம் ஆகிறது. பொறுத்துப் பார்த்தாள், முடியவில்லை. ரோட்டோர டீக்கடைக்குள் ஓடி வந்தவள், ஒருவன் அதே ஆட்டத்தைப் போனில் ஒண்டியாகப் பார்த்துக்கொண்டிருப்பதைக் கண்டால் சும்மா விடுவாளா?

அவன் நிமிர்ந்தான்.

அப்பப்பா, என்ன கண்கள்! மழையில் அலசி எடுத்தது போலப் பளிச்சென்று... ஆனால் அவளைப் பார்த்த மறுநொடியே அவை ஏன் தரைக்குத் தாழ வேண்டும்?

"பாருங்க" என்று போனை டீ டம்ளர்மேல் சாய்த்து வைத்தான். விரலெல்லாம் கிரீஸ். அதியமான்கோட்டையில் டயர் கடையாம், லாரிக்குப் பஞ்சர் போட வந்த இடத்தில் மாட்டிக்கொண்டானாம். பெயர் நவநீதன். இவ்வளவையும் சொன்னவர் டீக்கடை பச்சியப்பன். அவன் வாயிலிருந்து முத்து உதிரவில்லை.

"யாரும்மா ஆடறது? இம்மாம் பதட்டப்படறியே" என்றார் பச்சியப்பன்.

"பதினொன்னாம் நம்பர் எங்க பொண்ணுங்கண்ணா."

"அவ்ளோ பெரிய பொண்ணா உனக்கு?"

"ஐயோ, என் ஸ்டூடன்ட்டுங்க! காரிமங்கலம் ஸ்கூல்ல நான் பி.டி. டீச்சர்."

"நிர்மலா..." என்றான் நவநீதன், மெதுவாக.

"பேரு எப்படித் தெரியும்?"

"சட்டையில போட்டிருக்குதுங்களே."

அட, ஆமாம்! அசடு வழிந்தது அவளுக்கு. அவன் உதட்டோரம் ஒரு சிரிப்பு எட்டிப் பார்த்துவிட்டு ஓடிப்போனது. இவன் சிரித்தால் நன்றாகத்தான் இருக்கிறது... சீ, என்ன நினைப்பு இது, மேட்ச்சைப் பாருடி!

ஜெயித்தால் காலிறுதி. சமன் ஆனால்கூட மூட்டை கட்ட வேண்டியதுதான். எண்பது நிமிடம் ஓடியும் இருபக்கமும் கோல் இல்லை. அப்போதுதான் பின்னாலிருந்து பந்து உயர்ந்தது. நடுக்கோட்டுக்கு இந்தப் பக்கம் நின்றிருந்த நிர்மலா சட்டென்று திரும்பி ஓடத் தொடங்கினாள். மலர்விழிக்குத் தெரியும் அந்த ஓட்டம். தான் சொல்லிக்கொடுத்த தன்னுடைய ஓட்டமல்லவா அது! ஒருத்தியைத் தாண்டி, கோலியையும் தாண்டி... வலை குலுங்கியது.

"கோல்!" என்று அவள் குதித்ததில் டம்ளர் உருண்டது. போனைத் தாவிப் பிடித்தான் நவநீதன்.

ஆனால் கோட்டோரம் கொடி உயர்ந்திருந்தது. ஆஃப்சைடு. பந்து வருமுன்பே எதிராளிகளைத் தாண்டி நின்றுவிட்டாளாம். வீடியோவில் சரிபார்க்கிறார்கள்.

மலர்விழி போன்மேல் குனிந்தாள். இவளுக்குமா? என் தலையெழுத்து இவளுக்குமா?

"கோல்தாங்க அது" என்றான் அவன். குரல் உறுதியாக வந்தது. "பந்த ஒதைக்கிறப்ப அவ தன்னோட பாதியிலதான் நின்னா. அங்கிருந்து ஓடுனா ஆஃப்சைடே கிடையாது. இப்படிக் கொடி தூக்கியிருக்கவே கூடாது."

'இப்படி' என்று சொல்லும்போது அவன் கை தானாக எழுந்தது. முழங்கை மடங்காமல், நேராக.

அந்தக் கை!

ஏழு வருடத்துக்கு முன் தர்மபுரி மைதானம். இளையோர் இந்திய அணிக்கு ஆள் எடுக்கிற ஆட்டம். இதே போலத் தன் பாதியிலிருந்து ஓடினாள், இதே போல வலை குலுங்கியது. திரும்பிப் பார்த்தால் கோட்டோரம் ஒரு கொடி. கோல் செல்லாது என்றுவிட்டார்கள், அவளையும் எடுக்கவில்லை. அந்த நீலச் சட்டை அவள் உடம்பில் ஏறவே இல்லை.

"நீங்கதான... அன்னைக்கு லைன்ஸ்மேன்?"

அவன் மறுக்கவில்லை. "உள்ள வந்தவுடனே உங்களத் தெரிஞ்சிடிச்சிங்க."

"இந்தச் சட்டம் அன்னைக்குத் தெரியலையா?"

"தெரியும். கை தூக்கின அடுத்த செகண்டே தப்புன்னும் தெரிஞ்சிடிச்சி. ரெஃப்ரி இன்னும் விசில் ஊதல... எறக்கியிருக்கலாம். ஆனா எனக்கு அது மொத மேட்ச்சு. எறக்கினா எல்லாரும் சிரிப்பாங்களேன்னு ஒரு வீம்பு. உங்க கோலு நல்ல கோலுங்க. நான்தான் கெடுத்தேன்."

"இத்தனை வருஷமா எங்க போனீங்க, இதச் சொல்றதுக்கு?"

"காரிமங்கலம் சந்தைக்கு வர்ற சாக்குல உங்க ஸ்கூலுக்கு வந்தேன். நீங்க நிர்மலாவுக்கு இதே ஓட்டத்தச் சொல்லிக்குடுத்துட்டு இருந்தீங்க. வேலிக்கு வெளியவே நின்னுட்டுத் திரும்பிட்டேன். வாய் வரலீங்க."

போனில் பெரும் கூச்சல் கிளம்பியது. கோல் செல்லும் என்று அறிவித்துவிட்டார்கள்! மைதானத்தில் நிர்மலா மண்டியிட்டு அழுதாள். டீக்கடையில் மலர்விழியும் அழுதாள். மகிழ்ச்சியா, ஆத்திரமா... அவளுக்கே தெரியவில்லை.

மீதி நிமிடங்களும் ஓடின. இந்தியா ஜெயித்தது. லாரியை ஓரம் கட்டிவிட்டார்கள் போலிருக்கிறது, அவள் பஸ் ஹாரன் அடித்தது. மழைக்குள் இறங்கி நடந்தாள். நின்று பேசினால் என்ன ஆவது தன் ரோஷம்?

ஜன்னலோரம் உட்கார்ந்தவள் பக்கம் நனைந்துகொண்டே ஓடி வந்தான் அவன்.

"மன்னிக்க வேணாங்க. ஆனா இன்னொன்னும் இருக்குது. அதையும் இன்னொரு ஏழு வருஷம் உள்ள வச்சிக்க முடியாது. மொத வாட்டி ஸ்கூலுக்கு மன்னிப்பு கேக்கத்தான் வந்தேன். அப்புறம் வந்ததெல்லாம்... உங்களப் பாக்க. எனக்கு உங்கள ரொம்பப் புடிச்சிருக்குதுங்க."

மலர்விழி முகத்தைத் திருப்பிக்கொண்டாள். போனது போனதுதான். இவன் அழுதாலும் அந்தச் சட்டை வருமா? ஆனால் ஏழு வருடமாக அவளை அரித்தது சட்டை மட்டுமா? ஒருவேளை நான்தான் அவசரப்பட்டு முன்னால் ஓடிவிட்டேனோ என்று தன்னையே சந்தேகப்பட்டாளே... இன்றைக்கு அது தீர்ந்தது. என் கோல் கோல்தான். அதை அவள் முகத்துக்கு நேராகச் சொல்ல, தப்புச் செய்தவன் ஒருவனுக்குத்தான் தைரியம் வந்திருக்கிறது.

பஸ் நகர்ந்தது. மழையில் நின்ற அவனைப் பார்த்தபடியே ஜன்னலுக்கு வெளியே கையை நீட்டினாள். முழங்கை மடங்காமல், நேராக மேலே தூக்கினாள்.

அவன் முகம் செத்துவிட்டது. அவனுக்குத் தெரியாத சைகையா அது?

கொஞ்ச நேரம் தவிக்க விட்டாள். வேண்டும், நன்றாக வேண்டும்! பிறகு அந்தக் கையை மெல்ல... மெல்ல... இறக்கினாள்.

"நிர்மலா ஊருக்கு வந்ததும் ஒரு மேட்ச் வைக்கப்போறேன்!" மழையை மீறிக் கத்தினாள். "கொடி புடிக்க ஆளு வேணும். இந்த வாட்டி வேலிக்கு உள்ள வாங்க!"

"வரேங்க!" கூடவே ஓடி வந்தான் அவன். "கோட்ட விட்டுக் கண்ண எடுக்க மாட்டேன், சத்தியமா!"

"மேட்ச் முடியிற வரைக்கும் எடுக்காதீங்க" என்றாள். கன்னம் சுட்டது அவளுக்கு. "முடிஞ்சதும் என்னப் பாருங்க... நானும் உங்களத்தான் பாத்துட்டு இருப்பேன்."