நகத்தளவு நீலம்

“பாப்பாவுக்கு அரை டிக்கெட்…”

மழை சொட்டச் சொட்டப் பல்லேபொல பஸ்ஸில் ஏறிய கெத்தரினிடம் கண்டக்டர் டிலக்ஷன் இப்படித்தான் டிக்கெட்டை நீட்டினான். அவளோ பட்டதாரி. மாத்தளையில் விஞ்ஞானம் படிப்பிப்பவள். உயரம் மட்டும்தான் பள்ளிக்கூடத்தோடு நின்றுவிட்டது.

“முழு டிக்கெட் தாங்க.” மிச்சக் காசையும் எடுத்து நீட்டினாள்.

கூடுதல் காசு கொடுக்கச் சண்டை போடும் ஒருத்தியை டிலக்ஷன் அன்றுதான் பார்த்தான். சிரிப்பை மறைக்க ஜன்னல் பக்கம் திரும்பினான். மழைக்கு ஒதுங்கிய நகத்தளவு நீல வண்ணத்துப்பூச்சியொன்று கண்ணாடியில் ஒட்டியிருந்தது.

“இதுக்காவது அரை டிக்கெட் போடலாங்களா? குட்டிதானே…”

“குட்டி இல்லைங்க.” அவளையும் மீறிப் பேச்சு வந்தது. “புழுவா இருக்கிறப்பதான் தின்னு தின்னு வளரும். கூட்டுக்குள்ள போயி எறக்கையோட வந்துட்டா, அப்புறம் மயிரிழைகூட வளராது. இது இவ்வளவுதான். ஆனா முழுசு.”

அவன் சிரிக்கவில்லை. பார்த்தான்… நனைந்த தார் ரோட்டைப் போலக் கறுத்துப் பளபளத்த கண்கள் அவனுக்கு.

அதன்பிறகு அவளுக்குக் கேட்காமலே முழு டிக்கெட் வந்தது. கூடவே ஒரு கேள்வியும். தும்பியும் கூடு கட்டுமா? மின்மினியும் புழுவாக இருந்ததுதானா? பாடம் சொல்லிக்கொடுப்பதாகத்தான் அவள் நினைத்துக்கொண்டாள்… வகுப்பில்லாத ஒரு ஞாயிறு, காரணமே இல்லாமல் பஸ் ரோட்டைப் பார்த்து நிற்கும்வரை.

செய்தி அண்ணன் செபஸ்தியனின் காதுக்குப் போனது. படித்த பிள்ளைக்குக் கண்டக்டரா என்று குதித்தான். அவள் சின்னப் பிள்ளை, அவளுக்கு என்ன தெரியும், இனி வேலைக்கே போக வேண்டாம் என்று வீட்டில் முடிவாயிற்று. அவளை யாரும் கேட்கவில்லை.

வேலையை விடுவதாகச் சொல்லிவர மறுநாள் அண்ணனும் அவளோடு பஸ் ஏறினான். டிலக்ஷன் வந்ததும் பஸ்ஸே கேட்கும்படி சொன்னான்:

“எங்க புள்ள சின்னப் புள்ள, தம்பி. அது மனசக் கெடுக்காத.”

டிலக்ஷன் தலையைக் குனிந்துகொண்டான். இன்று கேள்வி இல்லை. அந்தக் கண்களும் அவள் பக்கம் வரவில்லை…

வழக்கமாக இந்த இடத்தில் அவளும் குனிந்திருப்பாள்.

“நான் சின்னப் புள்ள இல்லண்ணே. நான் இவ்வளவுதான். இனி வளர மாட்டேன். வேலையையும் விட மாட்டேன்.” மூச்சை இழுத்துக்கொண்டு டிலக்ஷனைப் பார்த்தாள். “எனக்கு உங்களப் புடிச்சிருக்கு.”

“நான் பத்தாவதோட நின்னவங்க…” முணுமுணுத்தான்.

“நான் அதக் கேக்கல.”

வெளியே மழை பிடித்துக்கொண்டது. அவன் மெல்லக் கண்ணை உயர்த்தினான்.

“எனக்கும்தாங்க… நீங்க முழு டிக்கெட் கேட்ட அன்னைக்கே.”

டிக்கெட்டைக் கிழித்து அவள் கையிலேயே வைத்தான். பிறகு செபஸ்தியன் பக்கம் திரும்பி, அண்ணன் எங்கே இறங்க வேண்டும் என்று பணிவாகத்தான் கேட்டான்.

கெத்தரின் முந்திக்கொண்டாள்.

“அடுத்த ஹோல்ட்டுலயே எறக்கி விடுங்க. மாத்தளையில அண்ணனுக்கு வேலையில்ல.”