பதினொரு தரம் களைத்தவள்

விடத்தல்தீவில் செலீனாவைத் தெரியாதவர்கள் சிலர் இருக்கலாம். ஆனால், செலீனாவுக்கு ஒன்றும் ஏலாது என்பது தெரியாதவர் ஒருவரும் இல்லை.

அவள் மாதம் நிறைவதற்கு முன்பே பிறந்துவிட்ட குழந்தை. பார்க்க வந்தவர்கள் எல்லாரும், "பெலன் இல்லாத பிள்ளை" என்று சொல்லிவிட்டுப் போனார்கள். இப்போது அவளுக்குப் பத்து வயது. ஆனாலும் அந்தப் பேச்சு மட்டும் மாறவில்லை. ஊர்வாயை மூட உலைமூடி ஏது?

"செலீனாவுக்குக் குடம் தூக்க ஏலாது."

"செலீனாவுக்கு ஓட ஏலாது. அவள் நிண்டு கை தட்டட்டும்."

முதலில் அது அவளுக்குச் சுகமாகத்தான் இருந்தது. தண்ணீர் அள்ளத் தேவையில்லை. கடைக்கு ஓடத் தேவையில்லை. ஆனால் கிளித்தட்டு விளையாட்டில்கூட அவளைச் சேர்க்காமல் விட்டபோது, அந்தச் சுகம் கசந்துபோனது.

அவளுடைய அண்ணன் பெனடிக்ற் அப்படியில்லை. பன்னிரண்டு வயது. காலில் சக்கரம் கட்டியவன். "என்ர மருமகன் களைச்சு நான் பாத்ததே இல்லை" என்று யாகப்பர் மாமா ஊரெல்லாம் சொல்லித் திரிவார். அதை மற்றவர்களைவிடப் பெனடிக்ற்தான் அதிகமாக நம்பினான்.

1974ஆம் ஆண்டு மாரி காலத்தில் செலீனாவுக்குக் கடும் காய்ச்சல் வந்தது. பத்து நாள் அவள் கண் திறக்கவில்லை. அப்போது அம்மா மடுக் கோயில் மாதாவிடம் ஒரு நேர்த்தி வைத்தார்.

"தாயே, பிள்ளையை எழுப்பித் தாங்கோ. வாற ஆவணித் திருவிழாவுக்கு ரெண்டு பிள்ளையளையும் நடத்தியே கூட்டிக்கொண்டு வாறன்."

பிள்ளை எழும்பிவிட்டாள். ஆவணியும் வந்துவிட்டது. அம்மா இப்போது வழியை எண்ணிப் பார்த்தார். விடியப் புறப்பட்டால் பொழுதுபடத்தான் மடுவுக்குப் போய்ச் சேரலாம். பள்ளமடு, பெரியமடு தாண்டிக் காட்டுப் பாதை. செலீனாவால் எப்படி முடியும்?

யாகப்பர் மாமா ஒரு வழி கண்டுபிடித்தார். சட்டி பானைகளை ஏற்றிக்கொண்டு அவருடைய உழவு இயந்திரம் பின்னால் வருவதாக இருந்தது. அதன் பின்னால் பூட்டிய பெட்டியில் ஒரு பாயை விரித்து, தலையணையும் வைத்தார்.

"செலீனா ஊர் எல்லை வரைக்கும் நடக்கட்டும். பிறகு ஏறிப் படுக்கட்டும். கோயிலடியில இறக்கி விடுறன். தொடக்கமும் முடிவும் நடந்தாச்சு. நடுவில நடந்ததை மாதா எண்ணிக்கொண்டா இருக்கப் போறா?"

"மாதாவை ஏமாத்தச் சொல்லுறியே அண்ணா?" என்றார் அம்மா. "ரெண்டு பேரில ஒரு ஆள் ஏறினாலும் என்ர நேர்த்தி நிறைவேறாது."

செலீனா அம்மாவின் முகத்தைப் பார்த்தாள். தன்னால் அம்மாவின் வாக்குத் தவறப் போகிறதே என்று அவளுக்கு அழுகை வந்தது. "நான் நடப்பன் அம்மா" என்றாள். யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

விடியற்காலையில் எல்லாரும் புறப்பட்டார்கள். புதுச் செருப்புப் போட்ட பெனடிக்ற் பள்ளமடுவுக்கே முதல் ஆளாகப் போய் நின்றான். அம்மாவும் ஊர்ப் பெண்களும் செபமாலை சொல்லியபடி நடந்தார்கள். கடைசியாகச் செலீனா. அவளுக்குப் பின்னால் படபடவென்று மாமாவின் உழவு இயந்திரம்.

"ஏறு பிள்ளை," என்றார் மாமா.

"இன்னும் கொஞ்சம் நடக்கிறன் மாமா."

இப்படியே நாலைந்து தடவை நடந்தது.

செலீனா நிழலான மரம் கண்ட இடமெல்லாம் நின்றாள். ஒரு மிடறு தண்ணீர் குடித்தாள். மூச்சு அடங்கியதும் மறுபடி நடந்தாள்.

பெரியமடுவில் உம்மு குல்சூம் என்ற முஸ்லிம் அம்மா, வாசலில் பானை வைத்து நடப்பவர்களுக்குத் தண்ணீர் வார்த்துக் கொடுத்தார். "குடிச்சிட்டுப் போங்க மகன்" என்று பெனடிக்ற்றையும் கூப்பிட்டார்.

"வேணாம் உம்மா. எனக்குக் களைக்க இல்லை" என்று சொல்லிவிட்டு, அவன் நிற்காமல் போனான்.

மத்தியானம் திரும்பியது. காட்டுக்குள் வெயில் சுட்டது. மாமா இயந்திரத்துக்குத் தண்ணீர் விட ஒரு குளத்தடியில் நின்றுவிட்டார். பெண்கள் ஒரு வளைவு தாண்டிப் போயிருந்தார்கள். வழக்கம்போல ஒரு பாலை மரத்தடியில் நிற்கப் போன செலீனா திடுக்கிட்டாள்.

மரத்துக்குப் பின்னால் பெனடிக்ற் குந்தியிருந்தான். செருப்பு ஒரு பக்கம் கிடந்தது. குதிகாலில் கொப்பளம். முகத்தில் ஈயாடவில்லை.

"அண்ணா! இஞ்ச என்ன செய்யிறாய்?"

"சத்தம் போடாத. அம்மா ஆக்கள் போகும்வரைக்கும் ஒளிச்சிருந்தனான்."

"ஏன்?"

பெனடிக்ற் கொப்பளத்தைத் தொட்டுப் பார்த்தான். பிறகு தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னான். "எனக்கு ஏலாது."

அந்தச் சொல்லை அவன் வாயிலிருந்து செலீனா கேட்டதே இல்லை.

"மாமா வந்தோடன பெட்டியில ஏறிச் சாக்குக்குக் கீழ படுப்பன். கோயிலடியில ஒருத்தருக்கும் தெரியாமல் இறங்குவன். நீ அம்மாவுக்குச் சொல்லாத."

"அம்மாவின்ர நேர்த்தி?"

"அதுக்கு நான் என்ன செய்ய? என்ர பெலன் முடிஞ்சுது. மிசினில டீசல் முடியிற மாதிரி."

செலீனாவுக்கு ஒரு கணம் சந்தோசமாகக்கூட இருந்தது. உள்ளதைச் சொல்லத்தானே வேண்டும்! களைக்காத அண்ணன் களைத்துப்போனான், களைக்கும் தங்கை நிற்கிறாள். ஓடிப்போய் எல்லாருக்கும் சொல்லலாம். ஆனால் அவன் கண்ணில் தண்ணீர் முட்டி நிற்பதைப் பார்த்ததும் அந்த ஆசை போய்விட்டது. அவள் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"அண்ணா, நான் விடியத் தொடங்கிப் பதினொரு தரம் களைச்சனான்."

"பொய்!"

"எண்ணினனான். பதினொரு தரமும் முடிஞ்சுது எண்டுதான் நினைச்சன். கொஞ்சம் இருந்தன், தண்ணி குடிச்சன். திரும்பப் பெலன் வந்திட்டுது. மிசினுக்குத்தான் ஆரும் கொண்டுவந்து டீசல் ஊத்த வேணும். எங்களுக்கு அப்பிடி இல்லை."

பெனடிக்ற் மூக்கை உறிஞ்சினான். "பெலன் இருக்கிற ஆள் களைக்க மாட்டான். களைச்சால் பெலன் இல்லை எண்டுதான் அர்த்தம்."

"அப்ப பெலன் இல்லாத நான் எப்பிடி இவ்வளவு தூரம் வந்தனான்?"

பெனடிக்ற் அவளை நிமிர்ந்து பார்த்தான். செலீனாவும் அப்போதுதான் அதைப் பற்றி யோசித்தாள். உண்மையாகவே, எப்படி வந்தாள்? யோசிக்க யோசிக்க அவளுக்கே ஆச்சரியமாக இருந்தது.

அவள் தன் தண்ணீர்ப் போத்தலை நீட்டினாள். "ஒரேயடியாக் குடியாத. மிடறு மிடறாக் குடி."

அவன் குடித்தான். செலீனா, வழிக்கென்று அம்மா தந்த பழந்துணியைக் கிழித்து, அவன் குதிகாலில் சுற்றிக் கட்டினாள்.

"மடுவுக்கு இன்னும் எவ்வளவு தூரம்?" என்று கேட்டான்.

"தெரியாது. நான் அதைப் பாக்கிறேல்லை. அங்க ஒரு கறையான் புத்து தெரியுதெல்லோ? நான் அதை மட்டுந்தான் பாக்கிறனான். அங்க போவம். ஏலாட்டி இருப்பம்."

அப்போது படபடவென்று உழவு இயந்திரம் வந்து நின்றது. மாமா இரண்டு பேரையும் பார்த்துத் தலையசைத்தார்.

"எனக்குத் தெரியும், செலீனாவுக்கு ஏலாமப் போகும் எண்டு. பெனடிக்ற், தங்கச்சிக்குத் துணையா நிண்டனியோ? நல்ல பிள்ளை! செலீனா, ஏறு."

செலீனாவுக்குச் சுருக்கென்றது. அண்ணன் வாய் திறப்பான் என்று பார்த்தாள். அவன் கண் பெட்டியில் இருந்த தலையணை மீதே இருந்தது.

அவளுக்குக் கோபம் வந்தது. ஆனாலும் கோபத்தில் நின்றால் புத்து கிட்ட வராது. அவள் எழுந்து கையை நீட்டினாள்.

"நாங்கள் அந்தப் புத்து வரைக்கும் நடக்கப் போறம் மாமா. நீங்கள் பின்னால வாங்கோ."

பெனடிக்ற் தலையணையைப் பார்த்தான். அவள் கையைப் பார்த்தான். பிறகு செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு எழும்பினான்.

புத்து வந்தது. கொஞ்சம் உட்கார்ந்தார்கள். பிறகு ஒரு வளைந்த மரம். பிறகு ஒரு வறண்ட ஓடை. நடுவில் ஒரு தடவை செலீனாவின் கால் பின்னியது. அப்போது பெனடிக்ற் முதலில் உட்கார்ந்து, "எனக்கும் களைக்குது, கொஞ்சம் இருப்பம்" என்றான். அதை அவன் சாதாரணமாகச் சொன்னது அவளுக்குப் பிடித்திருந்தது.

பொழுது சாயும்போது கோயில் மணி கேட்டது. அம்மா வளவு வாசலில் காத்துக்கொண்டு நின்றார். இரண்டு பிள்ளைகளும் நடந்து வருவதைக் கண்டதும் கையெடுத்துக் கும்பிட்டார்.

மாமா இயந்திரத்தில் இருந்தபடியே உரக்கச் சொன்னார். "மார்த்தா, உன்ர மகன் எல்லோ மகன்! தங்கச்சிக்கு ஏலாமப் போக, கையில பிடிச்சுக் கொண்டுவந்து சேத்தவன்."

"அண்ணன் எண்டால் இப்பிடி இருக்க வேணும்," என்று பெண்கள் பாராட்டினார்கள். ஒருவர் அவன் தலையைத் தடவிக் கொடுத்தார்.

செலீனா போத்தலைத் திறந்து ஒரு மிடறு குடித்தாள். உண்மையைச் சொல்வதாக இருந்தால் அவள் காட்டிலேயே சொல்லியிருப்பாள். பெனடிக்ற்றின் காது சிவந்தது. தலையைத் தடவிய கையை மெல்ல விலக்கினான்.

"இல்லை" என்றான்.

"என்ன இல்லை?" என்றார் மாமா.

"ஏலாமப் போனது எனக்கு. உங்கட பெட்டியில ஒளிச்சு வரத்தான் இருந்தனான். தங்கச்சிதான் கையில பிடிச்சுக் கூட்டிக்கொண்டு வந்தவள்."

மாமா இயந்திரத்தை நிறுத்தினார். அம்மா மகளையும் மகனையும் மாறி மாறிப் பார்த்தார்.

"இப்ப ஏலுமோ ராசா?" என்று கேட்டார்.

பெனடிக்ற் துணி சுற்றிய காலை மண்ணில் ஊன்றிப் பார்த்தான். நோகத்தான் செய்தது.

"களைப்புத்தான். ஆனால் ஏலும்."

"எனக்கும்" என்றாள் செலீனா.

அவள் கோயிலை நோக்கி முன்னே நடந்தாள்.